ஐந்தாவது அணு

விர்வெ லானெயோட்ஸ் இறந்த செய்தியை
தார்த்து நாளிதழ் ஆறு வரியில் போட்டிருந்தது.
உயிர்வேதியியலாளர், ஒளிச்சேர்க்கை ஆய்வு, வயது எண்பத்திரண்டு.
கத்தியைப் பற்றி ஒரு சொல் இல்லை.
அவள் வேலை பார்த்த நிறுவனத்தில்
நான் மெக்கானிக்காக இருந்தேன்.
கத்தி என்னுடையது.

டிசம்பரில் எங்கள் சூரியன்
கடன் வாங்கியவன் போல எட்டிப் பார்த்துவிட்டு
சந்துக்குள் நழுவிவிடும்.
அப்படிப்பட்ட ஊரில் ஒருத்தி
வெளிச்சத்தை ஆராய்ந்தாள்,
அதுவும் இருட்டறையில்.
விடிந்துவிட்டதென்று இலைக்குத் தெரியக் கூடாதாம்.
மங்கலாக ஒரு பச்சை விளக்கு மட்டும்.
பச்சையை இலை அவ்வளவாகச் சட்டை செய்யாது என்பாள்.

வாரம் எட்டு கிலோ பசலைக்கீரை.
சந்தைக்கார மைமு, இவளுக்கு
வீடு நிறையப் பிள்ளைகள் என்று நினைத்திருந்தாள்.
பனிக்கட்டிக்கு நடுவே அரைத்து,
துணியில் வடித்து, சுழலியில் சுற்றினால்
மிஞ்சுவது நகமளவு பச்சை விழுது.
அதன்மேல் ஒரு பளிச்.
இன்னொரு பளிச்.
ஒன்றுமில்லை.
மூன்றாவதில் வரைபடப் பேனா துள்ளும்:
ஆக்சிஜன்.
"வந்துட்டியா" என்பாள் ஒவ்வொரு முறையும்,
ஏதோ அது பஸ்ஸைத் தவறவிட்டுவிட்டு வந்தது போல.

எழுபத்து நாலில் அரைப்பானின் கத்தி உடைந்தது.
மாஸ்கோவுக்கு மூன்று கடிதம் போட்டோம்.
நிரப்பி அனுப்பச் சொல்லி ஒரு படிவம் வந்தது.
நான் ரயில்வே பணிமனைக்குப் போனேன்.
தண்டவாளங்கள் பிரியும் இடத்தில் போடுகிற எஃகு,
தேயவே தேயாது என்றார்கள்.
ஒரு பாட்டில் வோட்காவுக்கு ஒரு துண்டு.
நாலு இரவு சாணை பிடித்தேன்.
பொருத்துவதற்கு முன் அவள் அதில்
முகம் பார்த்துத் தலைமுடியை ஒதுக்கிக்கொண்டாள்.

அதற்குப் பிறகுதான் கண்டுபிடிப்பு.
இலை தண்ணீரைப் பிளக்கும் இடத்தில்
மாங்கனீசு அணு நான்கு என்றது உலகம்.
அவள் எண்ணினால் ஐந்து.
திரும்ப எண்ணினாலும் ஐந்து.
பிராகில் பேசினாள், லைப்சிகில் பேசினாள்.
ஜன்னல் வைத்த அறையும்
நேரடித் தொலைபேசியும் கொடுத்தார்கள்.
ஹாலந்திலிருந்து ஒருவர்
"என் கீரையில் நான்குதான்" என்று எழுதியபோது
அது சோம்பேறிக் கீரை என்று சிரித்தோம்,
நான்தான் அதிகம் சிரித்தேன்.
பதினோரு வருடம்.

மார்ச் மாதம், கோட்டுப் பொத்தான் போடாமல்
பட்டறைக்கு இறங்கி வந்தாள்.
"மெட்ஸிஸ், அந்தக் கத்தி என்ன இரும்பு?"
பெருமையாகச் சொன்னேன்:
ரயில் எஃகு, சாதாரண எஃகு இல்லை,
நூற்றுக்குப் பன்னிரண்டு பங்கு மாங்க...
பாதிச் சொல்லில்
எனக்கே கேட்டுவிட்டது.

எண்ணெய் வழிந்த பலகையில் அப்படியே உட்கார்ந்தாள்.
வெகுநேரம் கழித்து
"நல்ல வேலைப்பாடு" என்றாள்.
கிண்டல் இல்லை. அதுதான் தாங்கவில்லை.

ஒரு மாதம் பீங்கான் உரலில் கையால் அரைத்தாள்.
நான்கு.
ஆய்விதழுக்கு நாலு வரி:
ஐந்தாவது அணு இலையுடையதல்ல.
அது எங்கள் கருவியிலிருந்து வந்தது.
கருவியைச் சோதிக்காதது என் தவறு.
மன்னிக்கவும்.
என் பெயர் எங்கும் இல்லை.
யாரும் கேட்கவில்லையே, பேசாமல் இருந்திருக்கலாமே
என்றார்கள், முக்கியமாக இயக்குநர்.
அறை போயிற்று. தொலைபேசி போயிற்று.
இருட்டறையை மட்டும் யாரும் கேட்கவில்லை.

இன்னும் பதினாறு வருடம் அங்கேயே இருந்தாள்.
என்ன கண்டாள் என்று எனக்கு விளங்காது,
சின்னச் சின்னதாக ஏதோ.
கூரையில் கொடி மாற்றிய நாளில்
ஊரே ஆற்றங்கரையில் பாடிக்கொண்டிருந்தது.
கூப்பிடப் போனேன். கதவுக்குப் பின்னால்
"வந்துட்டியா" என்று கேட்டது.
என்னை இல்லை.
திரும்பிவிட்டேன்.

ஓய்வு பெற்ற அன்று
வடிதாளில் சுற்றிக் கத்தியைக் கையில் கொடுத்தாள்.
இப்போது அதில் முட்டைக்கோஸ் நறுக்குகிறேன்.
செய்தி படித்த காலையில் எடுத்து
அளவுகோலில் வைத்துப் பார்த்தேன்.
மயிரிழை தேய்ந்திருக்கிறது.